ஸ்கொட்லாந்து அண்ணை

லண்டனில், ஃபாரஸ்ட் கேட்டில் என் வீட்டு மேல் அறைக்கு ஆள் தேவை என்று எங்கள் தமிழ்க் கடையில் ஒரு துண்டு ஒட்டியிருந்தது. எழுதியது கடைக்காரர். எனக்கு எழுத்து அவ்வளவு ஓடாது. அதைப் பார்த்துவிட்டு ஒரு சனிக்கிழமை பின்னேரம் ஒருவர் வந்தார். கையில் சூட்கேஸ், கக்கத்தில் குடை. வாடகை எவ்வளவு என்று கேட்கவில்லை. சுடுதண்ணி வருமா என்றும் கேட்கவில்லை. வாசலில் நின்றபடியே என்னைப் பார்த்து, "அண்ணை எவடம்?" என்றார்.

ஊரைச் சொன்னேன்.

"ஊர் சரி. ஊரிலை எவடம்?"

ஒழுங்கையைச் சொன்னேன்.

"சங்கக்கடைக்கு இஞ்சாலையோ, அங்காலையோ?"

இங்காலே என்றேன்.

"அப்ப நீங்கள் சைக்கிள் கடைக்காரற்றை மருமகனோ, சுருட்டுக்காரற்றை மகனோ?"

சுருட்டுக்காரரின் மகன் என்றேன். அதற்குப் பிறகுதான் சூட்கேசைக் கீழே வைத்தார். என் மாமியை எங்கே கட்டிக்கொடுத்தது, அந்தக் கலியாணத்தில் சமையல்காரர் ஏன் கோபித்துக்கொண்டு போனார் என்பதெல்லாம் எனக்குச் சொன்னார். சமையல்காரர் கோபித்துக்கொண்டு போனது எனக்கே தெரியாது. மழை தூறிக்கொண்டிருந்தது. உள்ளே இருந்து என் மனைவி, "வீடு பாக்க வந்தவரோ, குடிசனக் கணக்கெடுக்க வந்தவரோ?" என்று கேட்டாள்.

அப்படித்தான் அவர் எங்கள் வீட்டுக்கு வந்தார். எண்பதுகளின் நடுவில். எங்கள் மேல் அறையில் அவர் இருந்த காலத்தில் நான் இரண்டு வான் மாற்றிவிட்டேன். மரக்கறிச் சந்தையிலிருந்து கடைகளுக்குப் பெட்டி இறக்குவதுதான் என் தொழில். முதல் வானுக்கு ரிவேர்ஸ் கியர் விழாது. அதனால் எங்கே நிற்பாட்டினாலும் முன்னுக்கு இடம் பார்த்துத்தான் நிற்பாட்ட வேண்டும். அது வேறு கதை.

அவருக்கு ஒரு பெற்றோல் ஷெட்டில் காசு வாங்குகிற வேலை. கண்ணாடிக்குப் பின்னால் இருந்துகொண்டு வெள்ளைக்காரரிடமும் அதே கேள்விதான். எவடம், அப்பா எவடம், அப்பாவின் அப்பா எவடம். சிலர் முறைப்பார்கள். சிலர் பெற்றோல் அடித்த கார் வழியை மறித்து நிற்க, பின்னால் உள்ளவன் ஹோர்ன் அடிக்க, நின்று சொல்லிவிட்டுத்தான் போவார்கள். ஒரு கிழவர் தன் பாட்டனார் குதிரைக்கு லாடம் அடித்த ஊரைப் பற்றிச் சொல்ல ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் வந்தார். அவரிடம் கார் இல்லை.

"உமக்கு ஏன் காணும் உந்த விண்ணாணம்?" என்று ஒருநாள் கேட்டேன்.

"ஊர் தெரியாட்டி எனக்குக் கதை ஏறாது அண்ணை" என்றார்.

இது அவர் அடிக்கடி சொல்கிற சொல். அவருடைய முழு உடம்பும் அந்த ஒரு வசனத்தில்தான் ஓடியது என்று நினைக்கிறேன்.

பிறகு கொம்பியூட்டர் வந்தது. ஷெட்டுக்கு வருகிற ஒருவர் தன்னுடைய பழையதைக் குப்பைக்குப் போடப்போனார். இவர் அதை வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். என் வானில்தான் ஏற்றினோம். கூடவே சின்னதாய் ஒரு பெட்டி. அதற்குப் பேர் மோடம். படிக்குக் கீழே இருந்த எங்கள் போனில் ஒரு வயரைக் கொழுவி, படிக்கட்டுக் கைபிடி வழியாக மேலே கொண்டுபோனார்.

அது என்ன என்று எனக்கு விளங்கும்படி சொன்னது இது: யாரோ ஒருவர் தன் வீட்டில் ஒரு கொம்பியூட்டரை எந்த நேரமும் திறந்து வைத்திருப்பார். இவர் போன் வழியாக அதற்குள் போய் ஒரு செய்தியை எழுதிவிட்டு வந்துவிடுவார். இன்னொருவர் வசதிப்பட்ட நேரம் வந்து படித்து, கீழே மறுமொழி எழுதுவார். கோயில் மதிலில் அறிவித்தல் ஒட்டுகிற மாதிரி, ஆனால் ஒட்டினதற்குக் கீழே எல்லாரும் எழுதலாம். பிறகு பிறகு அந்த மதில்கள் எல்லாம் ஒன்றோடு ஒன்று தொடுத்து உலகம் முழுக்கப் போய்விட்டன என்றார். தமிழருக்கும் அதில் ஒரு மதில் இருந்தது. தமிழை இங்கிலீஷ் எழுத்தில் எழுதினார்கள்.

அவர் உள்ளே போய்விட்டால் எங்கள் போன் வேலை செய்யாது. எடுத்தால் இரைச்சல். என் மனைவி கீழே நின்று கத்துவாள்.

"போனைத் தூக்கினால் காதுக்குள்ளை மீன் பொரியுது. உவரை இறங்கச் சொல்லுங்கோ."

"அஞ்சு நிமிசம் அக்கா. ஒரு கனடாக்காரர் இப்பதான் ஊரைச் சொல்லுறார்."

அங்கேயும் அதே வேலைதான். கொம்பியூட்டரைப் பற்றி மட்டும் பேசுகிற ஓர் இடத்தில், ஏதோ கோளாறுக்கு வழி சொன்ன அமெரிக்கரிடம் இவர் நன்றி சொல்லிவிட்டு, உங்கள் சொந்த ஊர் எது, நீங்கள் யாருடைய மகன் என்று எழுதினார். அந்த மனிதர் நோர்வேயிலிருந்து கப்பலேறிய பூட்டன் வரைக்கும் எழுதி அனுப்பினார். இன்னொருவர் தூஷணத்தில் மறுமொழி போட்டார். "ஊரைச் சொல்லாட்டிலும் மினக்கெட்டு எழுதியிருக்கிறான்" என்று அதற்கும் ஒரு நன்றி போட்டார்.

தமிழ் மதிலில்தான் அவருக்கு நித்திரை போனது. அங்கே ஒருவரும் சொந்தப் பேரில் எழுதுவதில்லை. இடி, மின்னல், அலை, வழிப்போக்கன் என்று பேர். முகமும் இல்லை, ஊரும் இல்லை, அப்பாவும் இல்லை. இவர் ஒவ்வொருவராகப் பிடிக்கத் தொடங்கினார். ஒருவர் எழுதியதை எல்லாம் திரும்பத் திரும்பப் படிப்பார். எந்தப் பள்ளிக்கூடத்து மணியைப் பற்றி எழுதினார், எந்தக் கடை மிக்சரைப் பற்றி எழுதினார், எந்த பஸ் பிந்தியது என்று முறைப்பட்டார் என்று பொறுக்கிப் பொறுக்கி, ஒருநாள் படியில் இறங்கி வந்து, "பிடிச்சிட்டன் அண்ணை" என்பார்.

பிடித்தால் விட மாட்டார். போய்ப் பார்க்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமைகளில் என் வான் சும்மாதானே நிற்கிறது. கடையில் ஒரு சீப்பு வாழைப்பழம் வாங்கிக்கொண்டு புறப்படுவோம். வெறுங்கையோடு ஒரு வீட்டுக்குப் போகக்கூடாது என்பது அவருடைய கொள்கை.

சூறாவளி என்ற பேரில் ஒருவர் எழுதுவார். எல்லாருக்கும் ஏச்சு. துரோகி என்பார், கோழை என்பார், நேரில் வந்தால் பல்லு இருக்காது என்பார். அவரைத் தேடி, லண்டனிலேயே மிச்சம் என்கிற இடத்துக்குப் போனோம். இவர் பெல்லை அடித்தார். ஒரு அம்மா கதவைத் திறந்தார்.

"சூறாவளி நிக்கிறாரோ?" என்று கேட்டார் இவர்.

"அப்பிடி ஒருத்தரும் இஞ்சை இல்லை. எங்கடை இவர் மட்டும்தான் நிக்கிறார்."

அந்த அம்மாவுக்குப் பின்னால், ஒரு மெலிந்த மனிதர், ஏப்ரன் கட்டிக்கொண்டு, வெங்காயமும் கத்தியுமாக நின்றார். முகம் வெங்காயத்தால் அப்படி ஆனதா, எங்களால் ஆனதா என்று எனக்குத் தெரியாது.

தேத்தண்ணி தந்தார்கள். இவர் அந்த மனிதரின் ஊர், பகுதி, பள்ளிக்கூடம், சித்தப்பாவின் லொறி எல்லாம் சொன்னார். அந்த அம்மா, "சூறாவளி எண்டால் ஆர்?" என்று இரண்டு தரம் கேட்டார். டெலிபோன் பில் ஏன் இவ்வளவு வருகிறது என்பதும் அன்றைக்குத்தான் அவருக்கு விளங்கியது. அதற்குப் பிறகு சூறாவளி எழுதவில்லை.

திரும்பி வரும்போது, "அந்தாள் பாவம் காணும்" என்றேன்.

"ஏன் பாவம்? இப்ப அவருக்கு ஒரு ஊர் இருக்கு."

எனக்கு அது சரியாகப் படவில்லை. ஆனால் நான் வான் ஓடுகிறவன்.

ஒருமுறை சவுத்தாலில் போய்ப் பெல்லை அடிக்க, தலைப்பாகை கட்டிய சிங் ஒருவர் வந்தார். அவர் எங்களை உள்ளே கூப்பிட்டு ரொட்டியும் பருப்பும் தந்தார். வாழைப்பழத்தை அவர் வீட்டிலேயே வைத்துவிட்டு வந்தோம். "பிழைச்சுப் போச்சுப் போல" என்றேன்.

"பிழைக்கேல்லை. ஆள் வீடு மாறியிட்டார்."

பிழை என்ற சொல்லை அவர் தன் பக்கமாக வைத்துச் சொல்லி நான் கேட்டதே இல்லை. அந்த விஷயத்தில் மட்டும் கொஞ்சம் கர்வம்.

ஞாயிறு மத்தியானம் கடையின் பின்பக்கத்தில், அரிசி மூட்டைகளுக்கு நடுவில், நாலைந்து பேர் இருந்து தேத்தண்ணி குடிப்போம். மதிலில் அந்தக் கிழமை வந்ததை இவர் சொல்லுவார். கேட்டுக்கொண்டிருப்போம். எனக்குப் பேப்பர் படித்த மாதிரி. அங்கேதான் அணிலைப் பற்றிக் கேள்விப்பட்டோம். தொண்ணூறுகளின் நடுப்பகுதி வந்துவிட்டது அப்போது.

அணில் என்ற பேரில் ஒரு பெண்பிள்ளை எழுதினாள். சண்டைக்குப் போவதில்லை. கேள்விதான் கேட்பாள். பாஸ்போட் புருசனிடம் இருந்தால் டொக்டரிடம் பதியலாமா. தன் பேரில் மட்டும் பாங்கில் கணக்குத் திறக்க என்ன காட்ட வேண்டும். மதிலில் சிலர் வழி சொன்னார்கள். சிலர் புருசனிடம் திரும்பிப் போ என்று ஏசினார்கள். ஒருமுறை, மறுமொழி சுணங்கியதற்கு மன்னிக்க வேண்டும், இரண்டு விரலை அவர் முறித்துவிட்டார், ஒரு கையால் எழுதுகிறேன் என்று எழுதியிருந்தாள். அதை இவர் வாசித்தபோது கடைக்காரர் தேத்தண்ணிக் கப்பை மூட்டைமேல் வைத்துவிட்டார்.

"எவடத்துப் பிள்ளை அண்ணை?" என்று கேட்டார் கடைக்காரர்.

"இருக்கிறது லண்டன். அது தெரியுது. சிவப்பு பஸ்ஸைப் பற்றி எழுதுறாள். ஊர் இன்னும் பிடிபடேல்லை. வாற கிழமை சொல்லுறன்."

வாற கிழமைக்குள் பிடித்துவிட்டார். வியாழக்கிழமை நான் சப்பாத்துக் கழற்றிக்கொண்டிருக்க, படியில் வந்து இருந்தார்.

"பிடிச்சிட்டன் அண்ணை. சின்னனிலை தகப்பன் றெயில்வே கேட் மூட ஓடுறதைப் பாத்துத்தான் தான் நேரம் சொல்லப் பழகினதாம். ஒரு காலை இழுத்து இழுத்து ஓடுவாராம். அந்த மனுசனை எனக்குத் தெரியும். எத்தினை தரம் அவற்றை கேட்டிலை சைக்கிளோடை நிண்டிருப்பன்."

"இப்ப எங்கை இருக்குது பிள்ளை?"

"ஒரு வீட்டிலை. பொம்பிளையளை ஒளிச்சு வைச்சிருக்கிற இடமாக்கும். சன்னலாலை பாத்தால் பஸ் கராஜ். ஞாயிற்றுக்கிழமையிலை பக்கத்துச் சேர்ச்சிலை தமிழ்ப் பூசைப் பாட்டுக் கேக்குதாம். பஸ் கராஜுக்குப் பக்கத்திலை தமிழ்ப் பூசை நடக்கிற சேர்ச் எத்தினை இருக்கு? ஒண்டுதான். ஞாயிற்றுக்கிழமை ஒருக்கால் போய்ப் பாத்திட்டு வருவம்."

"அந்தப் பிள்ளை ஒளிச்செல்லே இருக்குது?"

"ஒளிச்சிருக்கிற பிள்ளைக்குத்தான் அண்ணை ஊராக்கள் வேணும்."

அவர் அதை நம்பித்தான் சொன்னார். வாசலில் போய் நின்று, நீ றெயில்வே கேட்காரரின் மகள் அல்லவா என்று கேட்டால் அந்தப் பிள்ளைக்குச் சந்தோசம் வரும் என்று நினைத்தார். எனக்கு மிச்சத்து மனிதரின் முகம் ஞாபகம் வந்தது. வான் பிறேக் சரியில்லை என்று சொல்லிப் பார்ப்போமோ என்று இரண்டு நாள் யோசித்தேன். பிறேக் நன்றாகத்தான் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை கடைக்குப் போனோம். இவர் வாழைப்பழச் சீப்பைத் தெரிந்தெடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். பின்பக்கத்திலிருந்து கடைக்காரர் கூப்பிட்டார்.

"அண்ணை, உங்களைத் தேடி ஒராள் வந்து நிக்கிறார். ஆக்களைப் பிடிக்கிறதிலை நீங்கள்தான் விண்ணன் எண்டு ஆரோ சொல்லிவிட்டிருக்கினம்."

நல்ல ஓவர்கோட், நல்ல சப்பாத்து. முப்பத்தைந்து வயதிருக்கும். மரியாதையான பேச்சு. கையில் அச்சடித்த ஒரு தாள். அணில் எழுதிய ஏதோ ஒன்று.

"இந்த அணில் எங்கடை சொந்தக்காரப் பிள்ளை அண்ணை. கொஞ்சம் மனம் சரியில்லை. கூட்டிக்கொண்டு போய் வைச்சுப் பாக்கவேணும். எங்கை இருக்கிறா எண்டு உங்களாலை சொல்ல ஏலுமாம்."

"நீங்கள் எவடம்?" என்றார் இவர்.

"கொழும்பு."

நாங்கள் எல்லாரும் அடுத்த கேள்விக்குக் காத்திருந்தோம். கொழும்பில் எவடம், கொழும்புக்கு முன்னம் எவடம் என்று வரவேண்டும். வரவில்லை. இவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தாளை வாங்கினார். இத்தனை வருடத்தில் அவர் ஒரு ஆளை முதல் கேள்வியோடு விட்டது அன்றைக்குத்தான்.

"விரல் முறிஞ்சதெண்டு ஒருக்கால் எழுதியிருந்தா" என்றார், தாளிலிருந்து கண்ணை எடுக்காமல்.

"அது கதவுக்குள்ளை நசிஞ்சது அண்ணை. தற்செயல். அதைப் பெரிசாக்கி எழுதியிருக்கிறா."

"கதவோ?"

"ஓம். குசினிக் கதவு."

இவர் தலையை ஆட்டினார். கையில் இன்னும் வாழைப்பழம். நான் அவருடைய வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஊர் தெரிந்தும் சொல்லாமல் இருப்பது அந்த வாய்க்குப் பழக்கமில்லை. உதடு இரண்டு தரம் திறந்து மூடியது.

"ஸ்கொட்லாந்து" என்றார்.

"ஸ்கொட்லாந்தோ?"

"ஓம். இஞ்சை பாருங்கோ, மூண்டரைக்கே இருட்டுது எண்டு எழுதியிருக்கிறா. லண்டனிலை அப்பிடி இருட்டாது. தண்ணி நல்ல ருசியாம். இஞ்சத்தைத் தண்ணி ருசியே? கிளாஸ்கோப் பக்கம். நான் நிச்சயமாச் சொல்லுவன்."

அப்போது கடைக்காரர் வாயைத் திறந்தார். கெட்ட மனிதர் இல்லை. பகிடி விடாமல் இருக்க ஏலாது, அவ்வளவுதான்.

"என்னண்ணை, போன கிழமை இதிலை இருந்துதானே லண்டன் எண்டு சொன்னியள்? சிவப்பு பஸ் எண்டு சொன்னியள்?"

அந்த ஓவர்கோட்டுக்காரர் இவரைப் பார்த்தார். நாங்கள் எல்லாரும் பார்த்தோம். இவர் கண்ணாடியைக் கழற்றிச் சட்டையில் துடைத்தார்.

"நான் பிழை விட்டிட்டன்" என்றார்.

யாரோ இருமினார்கள். சவுத்தால் சிங் வீட்டு வாசலில் கூட வராத சொல் அது.

"போன கிழமை நான் சொன்னது பிழை. எனக்கு இப்ப முந்தின மாதிரி மண்டை ஓடுறேல்லை. ஸ்கொட்லாந்துதான் சரி." பிறகு வாழைப்பழச் சீப்பை அந்த மனிதரின் கையில் கொடுத்தார். "தூரப் பயணம். வழியிலை சாப்பிடுங்கோ."

அவர் வாங்கிக்கொண்டு போனார். நன்றி சொல்லிவிட்டுத்தான் போனார்.

வானில் ஏறி இருந்தோம். நான் ஸ்டார்ட் பண்ணவில்லை.

"கொழும்பு இல்லை" என்றார் இவர்.

"தெரியும்."

"ஆருடைய மகன் எண்டும் தெரியும். மூக்கிலை இருக்கு. தகப்பனும் நல்ல மரியாதையாத்தான் கதைப்பார்." சீட் பெல்ட்டை இழுத்துக் கொழுவினார். "வீட்டை விடுங்கோ அண்ணை. நாங்கள் எங்கையும் போகேல்லை."

வீட்டுக்கு வந்து அந்தப் பிள்ளைக்கு மட்டும் போய்ச் சேருகிற மாதிரி ஒன்று எழுதினார். என்னையும் பக்கத்தில் இருத்தி வாசித்துக் காட்டினார். பிள்ளை, உம்மை ஒராள் தேடித் திரியிறார். சன்னலாலை தெரியிறதை எழுதாதையும். பூசைப் பாட்டை எழுதாதையும். அப்பாவின்ரை வேலையையும் எழுதாதையும். அங்கை உம்மை வைச்சிருக்கிற ஆக்களிட்டை சொல்லி இடத்தை மாத்தும். நான் ஆர் எண்டு கேளாதையும். நீர் ஆர் எண்டு நானும் கேக்க மாட்டன்.

கடைசி வசனத்தை அழித்து அழித்து நாலைந்து தரம் எழுதினார். மற்றதெல்லாம் ஒரே மூச்சில் வந்தது.

மறுமொழியில் நன்றி என்று மட்டும் இருந்தது. அணில் அதற்குப் பிறகு எழுதியதில் சன்னல் வரவில்லை. கொஞ்ச நாளில் அணிலும் வரவில்லை.

ஒரு மாதத்தால் ஓவர்கோட்டுக்காரர் கடைக்குத் திரும்பி வந்து சத்தம் போட்டாராம். அங்கே குளிரைத் தவிர ஒன்றும் இல்லையாம். கடையில் எல்லாரும் சிரித்தார்கள். அன்றிலிருந்து இவருக்கு ஸ்கொட்லாந்து அண்ணை என்று பேர். யாராவது புதிதாகக் கடைக்கு வந்தால் கடைக்காரர் கேட்பார்: "அண்ணை, இவர் எவடம் எண்டு சொல்லுங்கோ பாப்பம். கிளாஸ்கோவோ?" இவர் தேத்தண்ணியை ஊதிக் குடிப்பார். நான் ஒருநாள் உண்மையைச் சொல்ல வாயெடுத்தேன். காலால் என் காலை மிதித்தார்.

பிறகு வெப் என்று ஒன்று வந்தது. எழுத்து மட்டும் இல்லை, படமும் தெரியும். யாரோ பெடியன் ஒருவன் தன் பேர், தன் ஊர், அப்பா அம்மாவின் படம், வீட்டு நாய் எல்லாம் போட்டுப் பக்கம் செய்திருந்ததை எனக்குக் காட்டினார். படம் மேலிருந்து கீழே மெல்ல மெல்ல இறங்கி வந்தது. நாய் வர வெகுநேரம் எடுத்தது.

"ஒருத்தரும் கேக்க முந்தியே எல்லாத்தையும் சொல்லுகினம் அண்ணை" என்றார். "இனி என்னத்தைக் கேக்கிறது?"

மோடத்தைக் கழற்றிவிட்டார் என்று சொன்னால் நன்றாக இருக்கும். கழற்றவில்லை. என் மனைவிதான் இரண்டாவது போன் லைன் எடுக்க வைத்தாள். பெற்றோல் ஷெட்டில் கேட்பதையும் அவர் விடவில்லை. மதிலில் மட்டும், பேர் இல்லாமல் எழுதுகிறவர்களிடம், பிறகு ஒருநாளும் எவடம் என்று கேட்கவில்லை.

தொண்ணூறுகள் முடிய முதல், ஒரு காலமை ஷெட்டில் வேலை செய்துகொண்டிருக்கும்போதே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கதிரையில் இருந்தவர், பிறகு எழும்பவில்லை. யாரோ மதிலில் அறிவித்தல் போட்டார்கள். கிரிமட்டோரியத்துக்கு நாங்கள் எதிர்பார்த்ததைவிட ஆட்கள் வந்தார்கள். குதிரை லாடத்துக் கிழவர் வந்தார். மிச்சத்துச் சூறாவளி மனைவியோடு வந்தார்.

கடைசியில், கதவுக்குப் பக்கத்தில், ஒரு பிள்ளை தனியாக நின்றாள். கறுப்புக் கோட். ஒருவரோடும் பேசவில்லை. முன்னுக்கு வந்து பெட்டிமேல் பூ வைத்தபோது கையைப் பார்த்தேன். இரண்டு விரல் சரியாக மடங்கவில்லை. என்னைக் கடந்து போகும்போது என்னைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். அவ்வளவுதான்.

கடைக்காரர் என் தோளில் தட்டினார்.

"ஆரப்பா அந்தப் பிள்ளை? காணாத முகமாக் கிடக்கு. எவடம்?"

"ஸ்கொட்லாந்து" என்றேன்.

கடைக்காரர் சிரிக்கத்தான் வாயைத் திறந்தார். பிறகு அந்தப் பிள்ளை கதவைத் தள்ளுவதைப் பார்த்தார், விரல்களைப் பார்த்தார். பக்கத்தில் நின்ற இன்னொருவர் எட்டி அவரிடம், "ஆராம்?" என்று கேட்டார்.

"ஸ்கொட்லாந்தாம்" என்றார் கடைக்காரர். "ஓம், அந்தப் பக்கத்து முகவெட்டுத்தான்."